வால் வைத்த வளையம்

டீயில் சர்க்கரை கொஞ்சம் தூக்கல், மேடம். குறையாகச் சொல்லவில்லை. விசாரணைக்கு வந்தவனுக்கு டீ கொடுக்கும் அலுவலகம் நம் ஊரில் வேறு எங்கே இருக்கிறது? எங்கள் அலுவலகத்தில் நாலு மணி டீ மூன்றரைக்கே தீர்ந்துவிடும். இங்கே ததும்பத் ததும்ப ஊற்றித் தந்திருக்கிறார்கள், விரலெல்லாம் ஈரம். நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள், நான் நிதானமாகச் சொல்கிறேன். அவசரமாகச் சொன்னால் இந்த விஷயம் அசிங்கமாகத் தெரியும்.

வந்து உட்கார்ந்ததிலிருந்து நீங்கள் நாலு தடவை சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துவிட்டீர்கள். புரிகிறது. என் மனைவி சதுக்கத்தில் அந்தப் பலகைக்குக் கீழே நின்றுகொண்டிருக்கிறாள். இன்றோடு ஆறு நாள். இந்தக் காகிதத்தில் நான் ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டால், காவலர்கள் சுண்ணாம்புக் கோட்டை அழித்துவிடுவார்கள், அவள் வீட்டுக்குப் போய்ப் படுக்கலாம். அது எனக்குத் தெரியாதா? அவள் மேல் அக்கறை இல்லாதவன் என்று மட்டும் என்னை நினைத்துவிடாதீர்கள். அவள் திடமான பெண். அவளுக்கு ஜலதோஷம் பிடித்துக்கூட நான் பார்த்தது குறைவு.

ஆரம்பத்திலிருந்து சொல்ல வேண்டும் என்பது வாக்குமூலத்தின் முறை. அதனால் உங்களுக்குத் தெரிந்ததையும் சேர்த்தே சொல்கிறேன். நான் குறியீட்டு அலுவலகத்தில் முப்பத்தொரு வருடமாக வாசிப்பாளனாக இருக்கிறேன். குறியீடுகள் மாடியிலிருந்து கயிற்றுக் கூடையில் இறங்கும். பெயிண்ட் காயாத பலகையில் ஒரு படம் இருக்கும், அவ்வளவுதான். அதற்கு என்ன பொருள் என்று மாடியிலிருந்து எழுதி அனுப்ப மாட்டார்கள். மாடியில் யார் இருக்கிறார்கள் என்றும் எங்களுக்குத் தெரியாது. படிக்கட்டை நான் வேலைக்குச் சேர்வதற்கு முன்பே செங்கல் வைத்து அடைத்துவிட்டார்கள். யார் இருக்கிறார்கள் என்று கேட்பது எங்கள் அலுவலகத்தில் மரியாதைக் குறைவு.

பொருளைக் கண்டுபிடிப்பது வாசிப்பாளனுடைய வேலை. அதற்குப் பத்தொன்பது நாள். ஏழு நாள் பலகையைச் சும்மா பார்க்க வேண்டும். ஏழு நாள் பழைய பதிவேடுகளோடு ஒப்பிட வேண்டும். ஐந்து நாள் எழுத வேண்டும். ஒரு நாள் கூடவும் கூடாது, குறையவும் கூடாது. எழுதியதை ஊர் செய்யும். அந்தக் குறியீட்டின் ஜோடி இறங்கும் வரை செய்துகொண்டே இருக்கும். ஜோடி என்பது அதே படம்தான், எதிர்ப்பக்கம் பார்த்து இருக்கும். அதையும் ஒரு வாசிப்பாளன் பத்தொன்பது நாள் வாசித்து, ஆமாம் இது ஜோடிதான் என்று எழுதிய பிறகு பழைய கட்டளை முடியும்.

வலப்பக்கம் பார்த்த மூன்று கால் மீன் வந்ததே, மேற்கு ஜன்னல்களையெல்லாம் எட்டு மாதம் மூடி வைத்தோமே, அது என்னுடைய முதல் வாசிப்பு. பிறகு இடப்பக்கம் பார்த்த மீன் வந்தது, திறந்துகொண்டோம். படியில்லாத ஏணியும் என்னுடையதுதான். வெளியே போகிற ஒவ்வொருவரும் எதற்கும் உதவாத ஒரு பொருளைக் கையில் கொண்டு போக வேண்டும் என்று வாசித்தேன். ஒன்றரை வருடம் ஊரே தலையணையும், பூட்டைத் தொலைத்த சாவியுமாக நடந்தது. அப்போது நீங்கள் பள்ளிக்கூடத்தில் இருந்திருப்பீர்கள். நீங்கள் என்ன கொண்டுபோனீர்கள் என்று கேட்கலாமா?

கதவுக் கைப்பிடி. நல்ல தேர்வு. கைக்கு அடக்கமாக இருந்திருக்கும்.

இந்த முப்பத்தொரு வருடத்தில் நான் ஒரு தடவைகூடப் பதிவேட்டில் ‘பொருள் இல்லை’ என்று எழுதியதில்லை. எனக்கு முன்னால் இருந்தவர் ஒரே ஒரு தடவை எழுதினார். அன்றைக்கே அவருடைய நாற்காலியைத் தூக்கி வெளியே வைத்தார்கள். அப்போது அவர் அதில் உட்கார்ந்திருந்தார். ஒருவன் வாசித்ததை அவனே தன் கையால் திருப்பி எழுதினால் ஒழிய வேறு யாராலும் ரத்துசெய்ய முடியாது என்ற விதி அவரைப் பார்த்த பிறகுதான் வந்தது. அந்த விதியால்தான் இப்போது நீங்கள் எனக்கு டீ வாங்கித் தர வேண்டியிருக்கிறது.

இனி என் மைத்துனனைப் பற்றிச் சொல்ல வேண்டும். மனைவியின் தம்பி. அம்மா முகம் தெரியாதவன், இவள்தான் இடுப்பில் தூக்கி வளர்த்தாள். கல்யாணமாகி நான் அழைத்து வந்தபோது அவனும் கூடவே வந்துவிட்டான், முன்னறை அவனுடைய அறை ஆகிவிட்டது. நான்தான் அலுவலகத்தில் அவனைப் பிரதி அறையில் சேர்த்துவிட்டேன். வாசித்து முடித்த குறியீட்டைப் பார்த்துப் பெரிய பலகையில் வரைவது அவன் வேலை. கை சுத்தம். வாய்தான் ஓயாது. பல் தேய்க்கும்போதுகூடப் பாடுவான். அவனிடம் ஒரு கண்ணாடி கிளாஸ் உண்டு, அடி விளிம்பில் ஒரு விள்ளல் போனது. தூக்கிப்போடுடா என்று இவள் சொன்னால், “இதுக்கு என்னை விட்டா யாரு இருக்கா, அக்கா” என்பான். அதைத் தினமும் அலுவலகத்துக்கு எடுத்துப்போவான், தினமும் திருப்பிக் கொண்டுவருவான். எனக்கு அவனைப் பிடிக்கும். எல்லோருக்குமே பிடிக்கும்.

இப்போது பலகை. போன மாதம் ஒரு காலையில் கூடையோடு ஒரு பலகை வந்தது. வெள்ளைப் பலகை. நடுவில் பழுப்பு நிறத்தில் ஒரு வளையம். வளையத்தின் ஓரிடத்தில் சின்னதாக ஒரு வால். அந்தப் பழுப்பை மாடியிலிருந்து அதற்கு முன் யாரும் அனுப்பியதில்லை. எது மேல், எது கீழ் என்று தீர்மானிக்கவே எனக்கு இரண்டு நாள் ஆனது. வால் வலப்பக்கம் இருக்க வேண்டும் என்று கடைசியில் முடிவு செய்தேன். அறையைப் பூட்டிக்கொண்டு பத்தொன்பது நாள் வாசித்தேன். வளையம் என்பது இடம். வால் என்பது கால். ‘இதன் கீழ் இருப்பவர், வெறுங்கையோடு, ஜோடி வரும் வரை நிற்க வேண்டும்’ என்று எழுதினேன்.

எழுதியதைச் சபையில் படித்தபோது ஒருவரும் இருமவில்லை. மீனும் ஏணியும் ஊர் முழுக்க வேலை கொடுத்தவை. ஒரே ஒரு உடம்பிடம் ஒரே ஒரு காரியம் கேட்கும் குறியீடு அதுவரை வந்ததில்லை. அன்றைக்கே என்னைத் தலைமை வாசிப்பாளன் ஆக்கினார்கள். சதுக்கத்தைப் பார்த்த ஜன்னல் உள்ள அறையைக் கொடுத்தார்கள். நடைவழியில் என் படத்தை மாட்டினார்கள், கொஞ்சம் சாய்வாக.

அன்று சாயங்காலம் மூலப்பலகை பிரதி அறைக்குப் போனது. சாப்பிட உட்கார்ந்ததும் மைத்துனன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மென்று முழுங்கிக்கொண்டு சொன்னான்.

“அத்தான், அந்தப் பலகை மாடியிலேர்ந்து வரலை.”

“பின்னே எங்கேர்ந்து வந்துச்சு?”

“அது வெள்ளையடிச்சு காயப்போட்ட வெறும் பலகை. நான்தான் கூடைக்குப் பக்கத்துல சாத்தாம படுக்க வச்சேன். அது மேல டீ கிளாஸையும் வச்சுட்டேன். கூடையோட சேர்த்து அதையும் உங்ககிட்ட தூக்கிக் கொடுத்துட்டாங்க போல.”

சொல்லிவிட்டு எதிரில் இருந்த அந்த விள்ளல் கிளாஸைத் தூக்கி, ஈரத்தோடு மேஜையில் வைத்து எடுத்தான். வளையம். விள்ளல் இருந்த இடத்தில் ஈரம் வெளியே ஒழுகி, சின்னதாக ஒரு வால்.

மூன்று பேரும் மேஜையையே பார்த்தோம். அப்புறம் அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “பத்தொம்பது நாள் அத்தான்” என்றான். அதற்கு மேல் பேச முடியாமல் வயிற்றைப் பிடித்துக்கொண்டான். என் மனைவி முதலில் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். பிறகு கையை எடுத்துவிட்டுச் சிரித்தாள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது அவளுக்கு. இருபத்திரண்டு வருடத்தில் அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. நானும் சிரித்தேன். எனக்குக் கோபம் எதுவும் வரவில்லை என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன். தயவுசெய்து அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

“நாளைக்குக் காலையில போய்ச் சொல்லிடுங்க. நாலு நாள் கேலி பண்ணுவாங்க, அப்புறம் அவங்கவங்க வேலையைப் பார்க்கப் போயிடுவாங்க” என்றாள் மனைவி, கண்ணைத் துடைத்துக்கொண்டே.

“சொல்லிடறேன்” என்றேன்.

படுத்தபோது எனக்கு என்னைப் பற்றிய கவலையே இல்லை, மேடம். உங்களைப் பற்றித்தான் யோசித்தேன். இந்த வளையம் டீக் கறை என்று நான் எழுதிவிட்டேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த நாளே ஒருவன் மீனைப் பற்றிக் கேட்பான். இன்னொருவன் ஏணியைப் பற்றிக் கேட்பான். ஒன்றரை வருடம் நீங்கள் ஒரு கதவுக் கைப்பிடியைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூடம் போனீர்கள். அது எதற்காக என்று உங்களுக்கு யார் பதில் சொல்வது? ஒரு சின்னப் பெண்ணை ஏமாற்ற எனக்கு மனம் வரவில்லை.

காலையில் மைத்துனனிடம் சொன்னேன்: “மாப்ளே, பலகை மாட்டற நேரம் குறிச்சாச்சு, அதை மாத்த முடியாது. நீ மாட்டி வை. உன் கிளாஸை என்கிட்ட கொடு. சபையில அதைக் காட்டிச் சொல்லிட்டு வந்துடறேன். மதியத்துக்குள்ள பலகையை இறக்கிடலாம்.” அவன் கிளாஸைக் கழுவித் துடைத்துக் கொடுத்தான். என்னோடு சதுக்கம் வரை பேசிக்கொண்டே வந்தான். தலைமை வாசிப்பாளர் படத்தைக் கழற்றும்போது தனக்குக் கொடுத்துவிட வேண்டும், முன்னறையில் மாட்டிக்கொள்கிறேன் என்றான்.

துணி மூடிய பலகையை ஏணி வைத்து மாட்டினான். இறங்கியதும் நான் சொன்னேன்: “கொஞ்சம் நேரே கீழ போய் நின்னு பாரு மாப்ளே, சாஞ்ச மாதிரி இருக்கு.” அவன் போய் நின்று அண்ணாந்து பார்த்தான். நான் காவலரைப் பார்த்துத் தலையசைத்தேன். துணி விழுந்தது. இரண்டாவது காவலர் சுண்ணாம்பு எடுத்து அவனைச் சுற்றிக் கோடு போட்டார்.

அவன் பயப்படவில்லை. சிரித்தான். “நல்லா மாட்டிக்கிட்டேன் அத்தான். சீக்கிரம் சொல்லிட்டு வந்துடுங்க, கால் கடுத்துடும்” என்றான். வந்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டு அலுவலகத்துக்குப் போனேன். புது அறை என்பதால் பதிவேடுகளை அடுக்குவதற்கே நேரம் சரியாக இருந்தது. கிளாஸை அவற்றுக்குப் பின்னால் வைத்தேன். உடைந்துவிடக் கூடாது என்பதற்காக.

பத்து மணி வாக்கில் ஒரு துணை வாசிப்பு எழுதினேன். வாலின் நுனி கொஞ்சம் நாக்கு மாதிரி வளைந்திருந்ததை முதலில் சரியாகக் கவனிக்காமல் விட்டிருந்தேன். அதன்படி, நிற்பவரோடு பேசுபவரும் நிற்பவரே. காவலர்கள் அதைச் சதுக்கத்தில் சத்தமாகப் படித்தார்கள். அது எனக்கும் பொருந்தும் என்பதை நீங்கள் கவனிக்க வேண்டும். நான் எனக்கென்று எந்தச் சலுகையும் எழுதிக்கொள்ளவில்லை. அதனால்தான் மதியம் நான் அவனைப் பார்க்கப் போக முடியவில்லை.

மதியத்துக்கு மேல் அவன் கத்த ஆரம்பித்தான் என்று காவலர்கள் எழுதிக் கேட்டார்கள். போகிறவர் வருகிறவரையெல்லாம் கூப்பிட்டு, “இது டீக் கறைங்க, என் கிளாஸ்ங்க” என்கிறானாம். யாரும் பதில் பேசவில்லை, பேசினால் கோட்டுக்குள் போக வேண்டும். ஆனால் கேட்கிறார்களே, என்ன செய்வது என்றார்கள். குறியீட்டின் கீழ் நிற்பவன் சொல்வது குறியீட்டைச் சேர்ந்தது, அதற்கு என்ன பொருள் என்று வாசிப்பாளன்தான் சொல்ல வேண்டும், அதற்குப் பத்தொன்பது நாள் ஆகும் என்று பதில் எழுதினேன். அதன் பிறகு அவன் கத்தியதை மக்கள் நிம்மதியாகக் கேட்டுக்கொண்டு போனார்கள்.

நான் கல்நெஞ்சக்காரன் என்று நாலு பேர் சொல்கிறார்கள் போலிருக்கிறது. நாளுக்கு ஒரு கிளாஸ் தண்ணீர், பேசாமல் அவன் வாயில் ஊற்றலாம் என்று எழுதியது நான்தான். வளையத்தின் அகலம் ஒரு கிளாஸ் அளவு இருந்தது, அதை அப்படி வாசிக்க இடம் இருந்தது. இரண்டாம் நாள் ஒரு நாய் அவனைப் பார்த்துக் குரைத்தது. குரைப்பது பேச்சில் சேருமா என்று காவலர்கள் கேட்டார்கள். சேராது என்று நாய்க்குச் சாதகமாகத்தான் எழுதினேன்.

வீட்டில் மனைவி தினமும் கேட்பாள். “சொன்னீங்களா?” என்பாள். சபை நாளைக்குத்தான் கூடுகிறது என்பேன். “இன்னிக்கு?” என்பாள். தலைவருக்கு உடம்பு சரியில்லை என்பேன். அவள் சதுக்கம் வரை போய், தெருமுனையில் நின்று பார்த்துவிட்டு வருவாள். “அவனுக்குக் கால் வீங்கிடுச்சுங்க. நின்னுக்கிட்டே தூங்கறாங்க” என்றாள் நாலாம் நாள். ஐந்தாம் நாள் எதுவும் கேட்கவில்லை. எனக்குச் சாப்பாடு போட்டாள், தனக்குப் போட்டுக்கொள்ளவில்லை. பொறுமை வந்துவிட்டது என்று நினைத்தேன்.

ஆறாம் நாள் நான் சாப்பிட வெளியே போயிருந்தபோது என் அறைக்கு வந்து கிளாஸைக் கண்டுபிடித்திருக்கிறாள். அதன் பிறகு நடந்தது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். நேராக உங்களிடம் வந்தாள். கிளாஸைக் கொடுத்தாள். எல்லாவற்றையும் சொன்னாள். காத்திருங்கள் அம்மா, தலைமை வாசிப்பாளரை விசாரிக்க அனுமதி வாங்க வேண்டும் என்றீர்களாம். அந்த அனுமதிக்கு ஐந்து நாள் ஆனதை நான் குறை சொல்லமாட்டேன். நடைமுறை என்றால் நடைமுறைதான். அவள்தான் அவசரப்பட்டுவிட்டாள். இங்கிருந்து கிளம்பிச் சதுக்கத்துக்குப் போய், கோட்டுக்கு வெளியே செருப்பைக் கழற்றிவிட்டுத் தன் தம்பியோடு பேசினாள். அவள் என்ன பேசினாள் என்று காவலர்கள் எழுதி எனக்கு அனுப்பினார்கள். “டேய், அக்கா வந்துட்டேன்டா. என் மேல சாஞ்சுக்கோ.”

அதை நான் இரண்டு தடவை படித்தேன்.

தாங்கிப் பிடிப்பதைப் பற்றி வளையம் எதுவும் சொல்லவில்லை. சொல்லாததை அனுமதித்துவிட்டேன். வேறொரு வாசிப்பாளனாக இருந்தால் யோசித்திருப்பான்.

எட்டாம் நாள் அவனுக்கு முழங்கால் மடிந்துவிட்டது. கீழே கிடக்கிறவன் நிற்கிறவனா என்று காவலர்கள் கேட்டார்கள். மேடம், இந்த இடத்தில் நான் அவனைக் கைவிட்டிருக்கலாம். விதி மீறல் என்று எழுதியிருந்தால் அவனை இழுத்துக்கொண்டு போயிருப்பார்கள். கிடப்பதும் பூமியோடு சேர்ந்து நிற்பதுதான் என்று எழுதி அவனைக் கோட்டுக்குள்ளேயே இருக்கவிட்டேன். உட்காருவதற்கு மட்டும் அனுமதி தரவில்லை, அது தெரிந்தே செய்வது. அதனால் இவள் நின்றபடியே இருந்தாள், அவன் அவளுடைய பாதத்தில் தலை வைத்துக் கிடந்தான். ஒன்பதாம் நாள் காலையில் இறந்துபோனான்.

அழுதீர்களா என்று கேட்கிறீர்கள். அழுதேன். வீட்டில் யாரும் இல்லாததால் என்னால் அதை நிரூபிக்க முடியாது. முன்னறையில் அவனுடைய பல் தேய்க்கும் பிரஷ் ஜன்னல் விளிம்பில் இருந்தது. அதை எடுத்து உள்ளே வைத்தேன்.

உடம்பை எடுத்துக்கொள்ளலாம், அவனுக்குப் பதிலாக அவன் செருப்பு நிற்கட்டும் என்று எழுதியதும் நான்தான். இப்போது அந்தச் செருப்பு அவள் பக்கத்தில் இருக்கிறது. என் மேஜையைச் சுவர்ப் பக்கமாகத் திருப்பிப் போட்டிருக்கிறேன் என்று அலுவலகத்தில் யாரோ உங்களிடம் சொல்லியிருக்கிறார்கள். அது வெளிச்சத்துக்காக. கண் கூசுகிறது.

சரி. நீங்கள் மறுபடியும் கடிகாரத்தைப் பார்க்கிறீர்கள். இன்று காலை தண்ணீர் ஊற்றியபோது அவள் வாயைத் திறக்கவில்லை என்று நீங்கள் சொன்னது என் காதில் விழுந்தது. முழு உண்மையைச் சொல்லிவிடுகிறேன், உங்கள் வேலை சுலபமாகும். மைத்துனன் அன்று சாப்பிடும்போது சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது என்று நீங்கள் எழுதியிருப்பீர்கள். அதை அடித்துவிடுங்கள். பலகை வந்த முதல் நாளே தெரியும். அறையைப் பூட்டிக்கொண்டு முகர்ந்து பார்த்தேன். டீ வாசனை. விரலால் தொட்டு நாக்கில் வைத்தேன். சர்க்கரை. எங்கள் வீட்டில் மூன்று கரண்டி போட்டுக் குடிக்கிறவன் அவன் ஒருவன்தான். ஆனால் வாசனையும் ருசியும் வாசிப்பில் சேராது. பார்ப்பது மட்டும்தான் எங்கள் முறை. நான் முறைப்படி ஏழு நாள் பார்த்தேன்.

ஆக, தெரிந்தேதான் செய்தேன். அவனைக் கூட்டிக்கொண்டு போய்ப் பலகைக்குக் கீழே நிறுத்தியது நான். பேசவிடாமல் செய்தது நான். கிளாஸை ஒளித்து வைத்தது நான். அவன் என் கையால் செத்தான் என்று நீங்கள் எழுதினால் மறுக்கமாட்டேன். அதற்கு வேண்டுமானால் இப்போதே கையெழுத்துப் போடுகிறேன்.

நீங்கள் கேட்பது அதுவல்ல, இன்னொரு வரி. ‘இது குறியீடு அல்ல, டீக் கறை.’ அதை என் கையால் எழுத வேண்டும். எழுதினால் அவள் உட்காரலாம். இவ்வளவு நேரமும் நான் கிளாஸைக் கீழே வைக்காமல் கையிலேயே வைத்திருப்பதை நீங்கள் கவனித்துக்கொண்டிருக்கிறீர்கள். எனக்கும் தெரியும் மேடம். அடியில் விரல் வைத்தால் விள்ளல் தட்டுப்படுகிறது. பன்னிரண்டு வருடம் எங்கள் வீட்டு அலமாரியில் இருந்த கிளாஸ், எனக்கு அடையாளம் தெரியாமல் போகுமா? இதை இந்த வெள்ளைக் காகிதத்தில் வைத்து எடுத்துக் காட்ட வேண்டும் என்பதுதானே உங்கள் ஏற்பாடு. வைக்கிறேன். கொஞ்சம் திருப்பி வைத்துக்கொள்கிறேன், பிடிக்க அதுதான் வசதி.

எடுத்துவிட்டேன். பாருங்கள்.

வளையம் விழுந்திருக்கிறது. வாலும் இருக்கிறது, உங்களுக்கு வலப்பக்கம். சாட்சி கிடைத்துவிட்டது என்று பேனாவை என் பக்கம் தள்ளுகிறீர்கள். ஒரு நிமிடம் எழுந்து மேஜையைச் சுற்றி இந்தப் பக்கம் வாருங்கள். நான் உட்கார்ந்திருக்கும் இடத்திலிருந்து பாருங்கள். வால் இடப்பக்கம் இருக்கிறது.

அதே வளையம், எதிர்ப்பக்கம் வால். இது ஜோடி, மேடம். வந்துவிட்டது. இத்தனை நாள் வராது வராது என்று எல்லோரும் என் உயிரை எடுத்தார்கள், பாருங்கள், தானாக வந்துவிட்டது. கறை என்றால் அதற்கு ஜோடி ஏது? என் மனைவிக்கு விடுதலை கிடைத்துவிட்டது. அதுவும் என் கையாலேயே. அவள் அன்றைக்குச் சிரித்ததை நான் மனதில் வைத்துக்கொள்ளவில்லை என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

அந்தக் காகிதத்தைத் தொடாதீர்கள், ஈரம் காயட்டும். அதில் இனி நான் எதுவும் எழுத முடியாது, அது மூலம். அதை என் அறைக்கு அனுப்பிவையுங்கள், இன்றைக்கே வாசிக்கத் தொடங்குகிறேன். பத்தொன்பது நாள். என் மனைவி விஷயம் என்பதற்காக ஒரு நாள் குறைத்தேன் என்று நாளைக்கு யாரும் ஒரு சொல் சொல்லக் கூடாது.

யாரையாவது சதுக்கத்துக்கு அனுப்பி, ஜோடி வந்துவிட்டது என்று அவளிடம் சொல்லச் சொல்லுங்கள். பேசாமல் சொல்ல வேண்டும்.